பதினேழாம் பக்கத்து உருளைக்கிழங்கு

ஒரு லட்சம் வீடுகளில் ஒரு எழுத்தாளரின் புத்தகம் இருக்கிறது, ஆனால் ஒருத்தருக்கும் அவரைத் தெரியாது என்றால் நம்புவீர்களா? ஓவன் வாங்கும்போது அட்டைப்பெட்டிக்குள் தெர்மோகோலுக்கும் கம்பித்தட்டுக்கும் நடுவே ஒரு சின்னப் புத்தகம் கிடக்குமே, நீங்களும் அதை எடுத்து ஏதோ ஒரு இழுப்பறையில் போட்டுவிட்டு அத்தோடு மறந்திருப்பீர்களே, அதை எழுதுகிறவர்தான் நம்ம ஆள். அலுவலகத்தில் அவருக்குப் பெயர் கையேட்டுக்காரர். அது தெருவுக்கும் பரவி, கடைசியில் வீட்டுக்காரம்மாவும் கோபம் வந்தால் "என்ன கையேட்டுக்காரரே" என்று கூப்பிடுகிற அளவுக்கு ஒட்டிக்கொண்டுவிட்டது.

ஓவனை எப்படித் துடைப்பது, ஒயரை எங்கே சொருகுவது, எதை உள்ளே வைத்தால் வெடிக்கும் என்று நாற்பது பக்கம். நடுவில் கொஞ்சம் சமையல் குறிப்பு. முதல் பக்கத்தில் அவர் கையெழுத்துக்கு மேலே ஒரு வரி இருக்கும்: "இதிலுள்ள செய்முறைகள் அனைத்தையும் என் வீட்டு ஓவனில் நானே செய்து, சரிபார்த்து எழுதியிருக்கிறேன்."

இந்த வரியில் ஒரே ஒரு சொல்தான் பொய். 'நானே' என்பது. மற்றதெல்லாம் சத்தியம். வீடு அவருடையது, ஓவன் கம்பெனி கொடுத்தது, சரிபார்த்தது ஸ்டாப்வாட்ச். செய்தது மட்டும் அவர் மனைவி.

அதற்காக மனுஷனைச் சோம்பேறி என்று நினைத்துவிடாதீர்கள். வேலையில் புலி. ஞாயிற்றுக்கிழமை காலையில் மனைவி சமையலறைக்குள் போனால், இவரும் நோட்டு, பென்சில், ஸ்டாப்வாட்ச் சகிதம் உயரமான ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்துவிடுவார். அந்தம்மா உருளைக்கிழங்கைத் தேய்த்துக் கழுவினால் எத்தனை நிமிஷம் என்று எழுதுவார். துணியால் ஈரம் போகத் துடைத்தால் எந்தத் துணி என்று கேட்பார். முள்கரண்டியால் குத்தினால் எத்தனை குத்து என்று எண்ணுவார். ஒரு கிழங்குக்கு எட்டு. "ஒன்பது குத்தினா என்ன ஆகும்?" என்று கேட்டவர் அவர். "உங்களைக் குத்தினா தெரியும்" என்று சொன்னவர் அவர் மனைவி. அதை மட்டும் நோட்டில் எழுதவில்லை.

அப்புறம் கிழங்குகளைக் கம்பித்தட்டில் அடுக்கி, ஓவன் கதவைச் சாத்துவார் அந்தம்மா.

"அவ்வளவுதானே?"

"அவ்வளவுதான். இனிமே ஒரு மணி நேரம் ஆகும்."

ஒரு மணி நேரம் ஒன்றும் நடக்கப்போவதில்லை என்றால் அங்கே உட்கார்ந்து என்ன பண்ண? நோட்டை மூடிவிட்டு வந்து சோபாவில் சாய்வார். பேப்பரை முகத்துக்கு நேரே பிடிப்பார். மூன்றாவது நிமிஷம் பேப்பர் முகத்தின் மேல் இருக்கும். வாசனை வந்து எழுப்பும்போது மேசை மேல் கிழங்கு தயாராக இருக்கும். தோல் தட்டினால் சத்தம் கேட்கும். உள்ளே வெண்ணெய் மாதிரி கரையும். அவர் மறுபடியும் நோட்டைத் திறந்து எழுதினார்: "ஒரு மணி நேரம் காத்திருக்கவும். இந்த நேரத்தில் நீங்கள் ஓய்வெடுக்கலாம்."

அந்த இரண்டாவது வாக்கியத்தில் அவருக்கு அவ்வளவு பெருமை. விற்பனைப் பிரிவுக்கும் அது பிடித்துப் போய், ஓவன் வருகிற அட்டைப்பெட்டியிலேயே பெரிய எழுத்தில் போட்டுவிட்டார்கள்: நீங்கள் ஓய்வெடுங்கள்!

பதினோரு வருஷம் ஒரு வம்பும் இல்லை. யார் புத்தகத்தைப் படிக்கிறார்கள், வம்பு வர? ஆனால் ஒரு புதன்கிழமை மேலாளர் கூப்பிட்டு அனுப்பினார். மேசை மேல் பதினான்கு கடிதம்.

"எல்லாமே பதினேழாம் பக்கம்தான்" என்றார் மேலாளர். "மொறுமொறு தோல் உருளைக்கிழங்கு. வரவே மாட்டேங்குதாம். கடுதாசி போட்டவங்களை விடுங்க சார், என் வீட்டுலயே மூணு ஞாயிறா இதே கூத்து. என் மனைவி உங்க புத்தகத்தைப் பக்கத்துல வெச்சுக்கிட்டு வரி விடாமப் போட்டா. தோல் எப்படி வந்துச்சு தெரியுமா? நனைஞ்ச செருப்பு. உங்க கம்பெனி லட்சணம் இதுதானான்னு கேட்கிறா. என் மானம் என் வீட்டுச் சாப்பாட்டு மேசையிலேயே போகுது."

"அப்படி வர வாய்ப்பில்லையே சார்."

"அதான் கேட்கிறேன். இதை நிஜமாவே நீங்க செஞ்சு பார்த்தீங்களா?"

இங்கேதான் மனுஷன் கோட்டை விட்டார். 'என் வீட்டுல செஞ்சாங்க சார், நான் எழுதினேன்' என்று சொல்லியிருந்தால் ஒரு தலையும் உருண்டிருக்காது. ஆனால் பதினோரு வருஷமாக அச்சில் இருந்த அந்தச் சொல் வாயில் தயாராக உட்கார்ந்திருந்தது.

"நானேதான் சார்."

"நல்லதாப் போச்சு. ஞாயித்துக்கிழமை பன்னெண்டு மணிக்கு உங்க வீட்டுக்கு வர்றேன். உங்க கையால செஞ்சு காட்டுங்க. வந்துச்சுன்னா புது மாடலுக்கும் நீங்கதான் எழுதுறீங்க. வரலைன்னா வெளியில யார்கிட்டயாவதுதான் கொடுக்கணும். முதல் பக்கத்துல கையெழுத்துப் போட்டுப் பொய் சொன்னோம்னு பேராயிடும் பாருங்க."

ஓய்வு பெற இன்னும் மூன்று வருஷம் இருந்தது. அந்த மூன்று வருஷமும் அதே நாற்காலியில், எழுத ஒன்றும் இல்லாமல், முதுகுக்குப் பின்னால் சிரிப்பைக் கேட்டுக்கொண்டு உட்கார வேண்டுமா?

பட்ட காலிலே படும் என்பார்கள். அவர் மனைவி இரண்டு நாள் முன்னால்தான் தன் அக்கா வீட்டுக்குப் போயிருந்தார். அக்காவுக்குக் கண் ஆபரேஷன். மணிக்கொரு தரம் சொட்டு மருந்து விட வேண்டும். திரும்பி வரப் பத்து நாள் ஆகும்.

அன்று சாயங்காலம் போன் பண்ணினார். நேரடியாகக் கேட்டால் கௌரவம் என்ன ஆவது?

"சும்மாதான் கூப்பிட்டேன். அக்கா எப்படி இருக்காங்க?"

"நல்லா இருக்கா. நீங்க சாப்பிட்டீங்களா? டப்பாவுல எல்லாம் கிழமை எழுதி வெச்சிருக்கேனே."

"சாப்பிட்டேன், சாப்பிட்டேன். ஆமா, அந்த ஓவன் இருக்குல்ல..."

"அதுக்கு என்ன? உடைச்சுட்டீங்களா?"

"சேச்சே. இருக்குன்னு சொன்னேன். நல்லாத்தான் இருக்கு."

முப்பது வருஷம் குடித்தனம் நடத்தினவருக்கு, ஓவன் நலமாக இருக்கிறது என்று சொல்லப் புருஷன் போன் பண்ண மாட்டான் என்று தெரியாதா? ஆனால் சொட்டு மருந்துக்கு நேரமாகிவிட்டது. "அப்புறம் பேசறேங்க" என்று வைத்துவிட்டார்.

வியாழக்கிழமை அலுவலகத்துக்கு அரை நாள் லீவு. கையேட்டுக்காரர் தன் வாழ்க்கையில் முதல் தடவையாகத் தன் புத்தகத்தைத் திறந்து வைத்துக்கொண்டு சமைத்தார். மூன்று நிமிஷம் கழுவினார். பருத்தித் துணியால் துடைத்தார். எட்டு எட்டுக் குத்து, எண்ணிக் குத்தினார். சாத்தினார். ஒரு மணி நேரம் காத்திருக்கவும், இந்த நேரத்தில் நீங்கள் ஓய்வெடுக்கலாம். எழுதினவரே கீழ்ப்படியவில்லை என்றால் எப்படி? சோபாவில் படுத்து ஓய்வெடுத்தார்.

மணி அடித்ததும் எழுந்து போய்ப் பார்த்தால், கிழங்கு ஐந்தும் வேர்த்து விறுவிறுத்து உட்கார்ந்திருக்கின்றன. ஓவன் கண்ணாடி முழுக்க ஆவி. தோலைத் தொட்டால் விரலோடு சேர்ந்து அமுங்குகிறது. மேலாளர் மனைவி பொய் சொல்லவில்லை. சாட்சாத் செருப்பேதான்.

வெள்ளிக்கிழமை கிழங்கின் மேல் பழியைப் போட்டார். காய்கறிக் கடையில் ஒவ்வொன்றாகப் புரட்டிப் புரட்டிப் பார்த்தார். "என்ன சார், பொண்ணு பார்க்கிற மாதிரி பார்க்கிறீங்க?" என்றார் கடைக்காரர். பெரிசாக, மேடு பள்ளம் இல்லாமல் ஆறு எடுத்துக்கொண்டு வந்தார். அதுவும் செருப்பு. சைஸ்தான் பெரிது.

சனிக்கிழமை காலை பண்ணினதும் அப்படியே ஆன பிறகு, ஒரு காரியம் செய்தார் பாருங்கள், எதிரிக்குக்கூட அப்படி ஒரு நிலைமை வரக் கூடாது. புத்தகத்தின் பின்னட்டையில் வாடிக்கையாளர் உதவி எண் இருக்கிறது. சொந்தக் கம்பெனியின் உதவி எண்ணுக்குக் குரலை மாற்றிக்கொண்டு போன் போட்டார்.

ஒரு பெண் எடுத்தது. தேன் மாதிரி குரல்.

"சொல்லுங்க சார். பதினேழாம் பக்கமா? ஒரு நிமிஷம் சார்." பக்கம் புரளும் சத்தம். அப்புறம் அவர் எழுதினதை அவருக்கே, முற்றுப்புள்ளி உட்பட, நிறுத்தி நிதானமாகப் படித்துக் காட்டியது. "ஒரு மணி நேரம் காத்திருக்கவும். இந்த நேரத்தில் நீங்கள் ஓய்வெடுக்கலாம். சார், ஓய்வெடுத்தீங்களா?"

"எடுத்தேம்மா. மூணு நாளா அதைத்தான் பண்றேன்."

"புத்தகத்தைச் சரியா படிச்சீங்களா சார்? நிறையப் பேர் படிக்காமலே கூப்பிடறாங்க."

"எனக்கு மனப்பாடமே ஆயிடுச்சு. அதுல ஏதோ தப்பு இருக்குன்னு நினைக்கிறேன்."

"இருக்காது சார். முதல் பக்கத்தைப் பாருங்க. எழுதினவர் அவர் வீட்டுலயே, அவரே செஞ்சு பார்த்திருக்கார். அவருக்கு வந்திருக்கு. உங்களுக்கு வரலை. அப்ப தப்பு எங்க இருக்கு?"

"எங்கம்மா இருக்கு?"

"அதை நான் சொல்லக் கூடாது சார். வேற ஏதாவது உதவி வேணுமா?"

"வேண்டாம் தாயி. இதுவே தாங்கலை."

போனை வைத்துவிட்டு ஸ்டூலில் உட்கார்ந்தார். அதே உயரமான ஸ்டூல். அவருக்கு அழுகை வராத குறை. தலைக்கு மேல் வெள்ளம் போன பிறகு சாண் என்ன, முழம் என்ன? மனைவிக்குப் போன் போட்டு, மேலாளர், கடிதம், செருப்பு, உதவி எண் என்று ஒன்று விடாமல் எல்லாவற்றையும் கொட்டிவிட்டார்.

அந்தப் பக்கம் முதலில் சிரிப்பு. ஒன்றல்ல, இரண்டு பேர் சிரிப்பு. போன் ஸ்பீக்கரில் இருந்தது.

"ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாதுன்னு சும்மாவா சொன்னாங்க" என்றது அக்காவின் குரல்.

"சும்மா இரு, அக்கா" என்று அதட்டிவிட்டு, மனைவி கேட்டார்: "ஏங்க, கதவைச் சாத்தினதுக்கு அப்புறம் அந்த ஒரு மணி நேரம் நான் என்ன பண்ணிட்டு இருந்தேன்னு நினைச்சீங்க?"

"நீயும்... கொஞ்சம் உட்கார்ந்திருப்பேன்னு..."

இந்தத் தடவை யாரும் சிரிக்கவில்லை.

"தெரியும். ஓய்வெடுக்கலாம்னு போட்டிருந்தீங்களே, புத்தகம் வந்தன்னைக்கே படிச்சேன். எட்டுக் குத்துன்னு எண்ணத் தெரிஞ்ச மனுஷனுக்கு, நான் எத்தனை தடவை எந்திரிச்சேன்னு எண்ணத் தோணலையேன்னு இருந்துச்சு. வருத்தமாத்தான் இருந்துச்சு. சொல்லணும்னு நினைச்சேன். அப்புறம் வேலை வந்துடுச்சு."

"இப்ப சொல்லேம்மா, எழுதிக்கிறேன்" என்றார். சொன்ன பிறகுதான், வாயில் வந்ததே தப்பு என்று உறைத்தது.

"எழுதிக்கிறதுக்குச் சொல்ல எனக்கு வராது. ஓவன் முன்னாடி நின்னாத்தான் கை சொல்லும். நாளைக்குப் பத்தே முக்காலுக்குக் கூப்பிடுங்க. போனை வைக்கக் கூடாது. முழு ஒரு மணி நேரமும் லைன்ல இருங்க."

ஞாயிற்றுக்கிழமை பத்தே முக்காலுக்குக் கையேட்டுக்காரர் மனைவியின் ஏப்ரனைக் கட்டிக்கொண்டு நின்றார். வெளிறிப்போன பச்சை ஏப்ரன், பையின் ஓரம் கிழிந்து நீல நூலால் தைத்தது. கிழங்கை உள்ளே வைத்தார், கதவைச் சாத்தினார், பழக்கத்தில் கால் சோபா பக்கம் திரும்பியது.

"எங்க போறீங்க?" என்றது போன்.

கண்ணால் பார்க்காமலே எப்படித் தெரிந்தது என்று அவருக்கு ஆச்சரியம்.

"போனை ஓவன்கிட்ட வைங்க. எனக்குச் சத்தம் கேட்கணும். பத்து நிமிஷம் ஆனதும் உஸ்ஸுன்னு ஒரு சத்தம் வரும்... இதோ வருது. அது ஆவி. உள்ளேயே விட்டா தோல் அதுலயே வெந்துடும். கதவை ரெண்டு விரல் அளவுக்குத் திறந்து, இடையில மரக்கரண்டியைச் சொருகுங்க. இருபது எண்ணுங்க. எடுத்துடுங்க."

எடுத்தார். அடுத்த உஸ்ஸுக்கு மறுபடியும் திறந்தார். இருபத்தைந்தாம் நிமிஷம் ஒவ்வொன்றையும் புரட்டினார். பின்னால் இருப்பதை முன்னால், முன்னால் இருப்பதைப் பின்னால் மாற்றினார். "நம்ம ஓவன் பின்பக்கம் சூடு ஜாஸ்திங்க. உங்க கம்பெனிக்குத் தெரியாதா?" என்றார் மனைவி. நாற்பதாம் நிமிஷம் வெளியே எடுத்து, ஒவ்வொன்றின் மேலும் எண்ணெய் தடவி, கல் உப்பைப் பொடித்துத் தூவி, சூட்டை ஏற்றி மறுபடியும் உள்ளே வைத்தார். கை சுட்டது. "ஆத்தாடி!" என்றார். "தண்ணியில காட்டுங்க. எனக்கு வாராவாரம் சுடும்" என்றார் மனைவி. நடுவில் ஒரு தடவை அக்காவுக்குச் சொட்டு மருந்து விடப் போனபோது, "மரக்கரண்டியை உள்ளேயே விட்டுடாதீங்க" என்று கத்திக்கொண்டே போனார். விட்டுத்தான் இருந்தார். பாய்ந்து போய் எடுத்தார்.

அவர் எண்ணிக்கொண்டே வந்தார். பதினோரு தடவை. ஒன்றும் நடக்காத அந்த ஒரு மணி நேரத்தில் பதினோரு தடவை.

"வாராவாரம் இப்படித்தானா?"

"வேற எப்படி?"

"நான் எங்க இருந்தேன்?"

"சோபாவுல. வாயைத் திறந்துக்கிட்டு."

"எடுத்ததும் மூடி வைக்காதீங்க, உடனே ஒரு கீறல் போட்டு ஆவியை வெளியே விட்டுடுங்க" என்று மனைவி கடைசிச் சேதி சொன்னபோது பன்னிரண்டுக்கு ஐந்து நிமிஷம். கீறினார். நகத்தால் தோலைத் தட்டினார். டக் டக் என்றது.

"கேட்டுச்சு" என்றார் மனைவி. குரலில் சந்தோஷம் இருந்தது.

அவருக்குக் கண் கலங்கிவிட்டது. "ஏம்மா, நான்..." என்று ஆரம்பித்தார். வாசல் மணி அடித்தது. மேலாளர்! போனை ஏப்ரன் பைக்குள் போட்டுக்கொண்டு ஓடிப்போய்க் கதவைத் திறந்தார்.

மேலாளர் தனியாகத்தான் வந்திருந்தார். "என் மனைவி வரலைன்னுட்டா. இன்னொருத்தர் வீட்டுக்கு வேற போய் நான் ஏன் செருப்பைத் திங்கணும்னு கேட்டா" என்றபடி மேசைக்கு வந்து, ஒரு கிழங்கை எடுத்துக் கடித்தார். மொறுக்!

கண்ணை மூடிக்கொண்டார். இன்னொரு கடி. இரண்டாவது கிழங்கு. மூன்றாவதை வெண்ணெய் கூட வைக்காமல் தின்றார்.

"சார், அபாரம்! என் வயித்துல பாலை வார்த்தீங்க. ஆமா, வீட்டுல இல்லையா?"

"அவங்க அக்கா வீட்டுக்குப் போயிருக்கா சார். ஒரு வாரமாச்சு."

"அப்ப இது முழுக்க முழுக்க நீங்களே செஞ்சதா?"

கேள்வி வந்துவிட்டது. பதில் சொல்ல நேரமும் இருந்தது. அவசரப்படுத்த யாரும் இல்லை, மேலாளரின் வாய் நிறையக் கிழங்கு. ஏப்ரன் பையில் போன் வயிற்றை ஒட்டிச் சூடாக இருந்தது. 'இல்லை சார்' என்று சொல்லத்தான் வாயைத் திறந்தார், சத்தியம்.

"நானேதான் சார்" என்றது வாய்.

"அப்படியே நில்லுங்க. ஏப்ரனோட. கையில ஒரு கிழங்கை எடுத்துக்குங்க. சிரிங்க!" மேலாளர் தன் போனை எடுத்துக் க்ளிக் பண்ணினார்.

அவர் போன பிறகுதான் கையேட்டுக்காரர் பைக்குள் கையை விட்டார். ஒரு மணி நேரம் நாற்பது நிமிஷம். எண்கள் ஓடிக்கொண்டே இருந்தன. லைன் அறுபடவே இல்லை.

"ஹலோ... ஏம்மா?"

"அவ இல்லை" என்றது அக்காவின் குரல். "மருந்து எடுக்க உள்ளே போயிட்டா. நான்தான் கேட்டுட்டு இருந்தேன். எனக்குக் கண்ணுலதான் கட்டு, காதுல இல்லை."

"அவளும் கேட்டாளா?"

"கேட்டுட்டுத்தான் போனா."

திங்கட்கிழமை மனுஷன் பிராயச்சித்தத்தில் இறங்கினார். பதினேழாம் பக்கத்தை ஒன்றரைப் பக்கமாக மாற்றி எழுதினார். உஸ் சத்தம், மரக்கரண்டி, புரட்டல், முன்னும் பின்னும் மாற்றல், உப்பு, கீறல், பதினோரு எழுந்திருப்பும் அதில் இருந்தது. முதல் பக்கத்து வரியையும் அடித்துவிட்டு, "இவற்றைச் செய்தவர் என் மனைவி. எழுதியது மட்டும் நான்" என்று போட்டு, மேலாளரிடம் நீட்டினார்.

மேலாளர் படித்தார். சிரித்தார். "பொண்டாட்டியை விட்டுக்கொடுக்காத மனுஷன் சார் நீங்க!"

"இல்லை சார், இதுதான் நிஜம். ஞாயித்துக்கிழமை நான் சொன்னது பொய். போன்ல அவதான் ஒவ்வொண்ணாச் சொல்லிக் கொடுத்தா."

"எவ்வளவு தன்னடக்கம் பாருங்க! என் வாயால தின்னேன் சார், என்கிட்டயேவா? ஊர்ல இல்லாதவங்க எப்படிச் செய்வாங்க?"

"சத்தியமா சார்."

"சரி சார், சரி. ஆனா இந்தப் பதினோரு வேலையை அச்சுல போட்டா, பெட்டியில இருக்கிற 'நீங்கள் ஓய்வெடுங்கள்' என்ன ஆகும்? யார் ஓவன் வாங்குவா? பழையபடியே இருக்கட்டும். புகார் பண்ணினவங்களுக்காகக் கீழே ஒரு வரி சேர்த்துடலாம். உருளைக்கிழங்கின் தன்மையைப் பொறுத்துப் பலன் மாறுபடலாம்."

இன்னும் இரண்டு தடவை வாதாடிப் பார்த்தார். மேலாளர் தோளில் தட்டிக்கொடுத்தார். புது மாடல் புத்தகமும் உங்களுக்குத்தான் என்றார். அதற்குப் பிறகு வாதாடவில்லை. அதையும் சொல்லித்தானே ஆக வேண்டும்.

மனைவி ஊரிலிருந்து வந்தார். அந்த ஞாயிற்றுக்கிழமையைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. அக்காவுக்கு இப்போது தூரத்தில் இருப்பதெல்லாம் பளிச்சென்று தெரிகிறதாம், அதைச் சொன்னார். டப்பாக்களைக் கழுவி வைத்தார். சண்டை போட்டிருந்தாலாவது பரவாயில்லை, இந்த அமைதி கையேட்டுக்காரரை உள்ளுக்குள் அரித்தது. அவராகவும் வாயைத் திறக்கவில்லை. நாளைக்கு, நாளைக்கு என்று ஒரு மாதம் ஓடிவிட்டது.

அப்போதுதான் புதுப் புத்தகம் வந்தது. மேசை மேல் வைத்துவிட்டு, ஒன்றும் தெரியாதவர் மாதிரி ஜன்னல் பக்கம் போய் நின்றுகொண்டார். மனைவி கையைத் துடைத்துக்கொண்டு வந்து எடுத்தார். அட்டையில் கையேட்டுக்காரர், பளபளவென்று, கையில் உருளைக்கிழங்கோடு சிரித்துக்கொண்டிருந்தார். முதல் பக்கத்தைப் பார்த்தார். 'நானே' அப்படியே இருந்தது. பதினேழாம் பக்கத்தைப் பார்த்தார்.

"நான் சொன்னேம்மா" என்றார் இவர், ஜன்னலை விட்டுத் திரும்பி. "மாத்தி எழுதியே கொடுத்தேன். உன் பேரைத்தான் போடச் சொன்னேன். அந்த ஆள் நம்பவே இல்லை."

"சொன்னீங்களா? எப்ப?"

"திங்கக்கிழமை."

"ஞாயித்துக்கிழமை?"

அவர் மறுபடியும் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

அந்தம்மா அட்டையை மறுபடியும் திருப்பி, படத்தைக் கொஞ்சம் தள்ளிப் பிடித்துப் பார்த்தார். நீல நூல் தையல்மேல் விரலை வைத்தார்.

"ஏப்ரன் என்னோடது" என்றார். புத்தகத்தை இழுப்பறையில் போட்டு மூடினார். "வர்ற ஞாயித்துக்கிழமை கிழங்கை நீங்க போடுங்க."

போட்டார். கழுவி, துடைத்து, குத்தி, அடுக்கி, கதவைச் சாத்தினார். அந்தம்மா கூடத்துக்குப் போய்ச் சோபாவில் காலை நீட்டிப் படுத்து, பேப்பரை முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டார். பத்தாம் நிமிஷம் ஓவனுக்குள்ளிருந்து உஸ்ஸென்று சத்தம் வந்தது. போன தடவை போல இல்லை, கொஞ்சம் வேறு மாதிரி, கீச்சுக் குரலில் வந்தது. கையேட்டுக்காரர் மரக்கரண்டியும் கையுமாகக் குனிந்து கண்ணாடி வழியே பார்த்தார். ஒன்றும் புரியவில்லை.

"ஏம்மா, சத்தம் வருது. ஆனா வேற மாதிரி இருக்கு. இப்ப திறக்கவா, வேண்டாமா?"

கூடத்தில் பேப்பர் அசையவில்லை. அதற்கு அடியிலிருந்துதான் பதில் வந்தது.

"புத்தகத்துல போட்டிருக்கும், பாருங்க."